ஒரு பார் வாய் திறந்து பேசினால்? திருநங்கைகளின் புகலிடத்தைப் படமெடுத்த வூ சாங்

லாஸ் ஏஞ்சலிஸ் என்றதும் மலைமேல் நிற்கும் அந்த வெள்ளை ஹாலிவுட் எழுத்துகள்தான் நமக்கு ஞாபகம் வரும். அதே ஊரில் வெஸ்ட்லேக் என்றொரு பகுதி இருக்கிறது. சுற்றுலாப் பேருந்துகள் எட்டிப் பார்க்காத இடம். மெக்ஸிகோ, எல் சால்வடார், குவாதமாலா நாடுகளிலிருந்து பிழைப்புக்காகவும் உயிருக்குப் பயந்தும் வந்தவர்கள் நெருக்கமாக வாழும் பேட்டை. அங்கே மெக்ஆர்தர் பூங்காவை ஒட்டி 1963 முதல் ‘சில்வர் பிளாட்டர்’ என்ற பெயரில் ஒரு பார் இயங்கிவந்தது.

வெளியே பார்த்தால் சாதாரண பார்தான். உள்ளே வருகிறவர்களில் பலர் ஸ்பானிஷ் பேசும் திருநங்கைகள், தன்பாலின ஆண்கள். குறிப்பாக, வெள்ளிக்கிழமை இரவுகளில் திருநங்கைகள் மேடையேறி, பாட்டுக்கு வாயசைத்து ஆடுவார்கள். ஊரில் வேறெங்கும் தலைநிமிர்ந்து நடக்க முடியாதவர்களுக்கு அந்தச் சின்ன மேடை ஒரு பெரிய விஷயம்.

2012-ல் இந்த பாரைப் பற்றி ஒரு ஆவணப்படம் வந்தது. பெயர் ‘வைல்ட்னெஸ்’. அதில் ஒரு வினோதம்: கதை சொல்வது யார் தெரியுமா? அந்த பாரேதான்! சுவர், விளக்கு, மேடை எல்லாம் சேர்ந்து ஒரு பெண் குரலாகி, ஸ்பானிஷ் மொழியில் நம்மிடம் பேசுகிறது.

கேட்க ஏதோ கலைப்பட ஜாலம் மாதிரி இருக்கும். ஆனால் அப்படிச் செய்ய வேண்டிய கட்டாயம் அந்த இயக்குநருக்கு இருந்தது. அதைப் புரிந்துகொள்ள, அதற்கு முந்தைய சில வருடங்களுக்குப் போக வேண்டும்.

யார் இந்த வூ சாங்?

1982-ல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாகாணத்தில் உள்ள வூஸ்டர் நகரில் பிறந்தவர். அப்பா சீன வம்சாவளி. அம்மா ஸ்வீடிஷ் வம்சாவளி. சிகாகோவில் கலை படித்துவிட்டு லாஸ் ஏஞ்சலிஸ் வந்து, அங்குள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் 2010-ல் முதுகலை முடித்தார். திருநர். படமெடுக்கிறார், மேடையில் நிகழ்த்துகிறார், அருங்காட்சியகங்களில் ஒளிப்பட அரங்குகள் அமைக்கிறார்.

இவரைப் பற்றி ஆங்கிலத்தில் வந்த பழைய கட்டுரைகளைப் புரட்டினால் ‘ஹீ’ என்று இருக்கும், புதியவற்றில் ‘ஷீ’ என்று இருக்கும். நமக்கு அந்தச் சிக்கலே இல்லை. ‘அவர்’ என்று எழுதிவிட்டால் வேலை முடிந்தது. இந்த ஒரு விஷயத்தில் தமிழ் கொஞ்சம் கொடுத்துவைத்த மொழிதான்.

செவ்வாய்க்கிழமை பார்ட்டி

2008-ல் வூ சாங்கும் அவருடைய டிஜே நண்பர்களும் சில்வர் பிளாட்டரில் செவ்வாய்க்கிழமைதோறும் ஒரு பார்ட்டி நடத்த ஆரம்பித்தார்கள். அந்தப் பார்ட்டியின் பெயர்தான் ‘வைல்ட்னெஸ்’. வார நடுவில் பார் காலியாக இருக்கும், கூட்டம் வந்தால் கல்லாவும் நிறையும். இரண்டு தரப்புக்கும் லாபம்.

வந்தவர்கள் யார்? கலைக்கல்லூரி மாணவர்கள், பரிசோதனை இசைக்காரர்கள், நிகழ்த்துகலைஞர்கள். பலர் குயர் இளைஞர்கள். நடுரோட்டில் சொல்ல முடியாததையெல்லாம் அந்த மேடையில் செய்து பார்த்தார்கள். பார்ட்டி பிரபலமானது. சில மாதங்களில் நகரத்தின் ‘போகவேண்டிய இடங்கள்’ பட்டியலில் சில்வர் பிளாட்டரும் சேர்ந்துவிட்டது.

சரி, இதுல என்ன பிரச்சினை?

பிரச்சினையே அந்தப் பிரபலம்தான். அந்த பாரின் பழைய வாடிக்கையாளர்களில் பலரிடம் குடியுரிமை ஆவணம் கிடையாது. யார் கண்ணிலும் படாமல் இருப்பதுதான் அவர்களுக்குப் பாதுகாப்பு. வெளியே பெயர்ப்பலகை பெரிதாக இல்லாததே அந்த இடத்தின் கூரை மாதிரி. அந்தக் கூரையைத்தான் இந்தப் புதுக்கூட்டம் தெரியாமலேயே பிரித்துக்கொண்டிருந்தது.

உள்ளூர் வாரப் பத்திரிகை ஒன்று அந்த பாரைப் பற்றி எழுதியது. திருநங்கைகளைக் குறிக்கும் வசைச்சொல்லைப் பயன்படுத்தி, கேலித் தொனியில். பார்ட்டி நடத்தியவர்கள் கொதித்துப்போனார்கள். ஆனால், பத்திரிகையின் கண் அந்தப் பக்கம் திரும்பக் காரணமே பார்ட்டிக்குக் கிடைத்த கவனம்தானே! இன்னொரு பக்கம், பாரை நடத்திவந்த குடும்பத்துக்குள் உரிமைத் தகராறு. செவ்வாய்க்கிழமை வருமானம், வெள்ளிக்கிழமை குடும்பம், யாருக்கு யார் பக்கம் என்று எல்லாம் சிக்கலாகிவிட்டது. 2010-ல் பார்ட்டி முடிவுக்கு வந்தது.

நம்ம ஊரில் ஒரு தெருவோர இட்லிக் கடை யூடியூபில் வைரலானால் என்ன ஆகும்? கடைக்காரருக்கு வருமானம் கூடும். ஆனால் தினமும் பத்து ரூபாயில் பசியாறிய ஆட்டோக்காரருக்கு நிற்க இடம் கிடைக்காது. சில்வர் பிளாட்டரில் நடந்ததும் கிட்டத்தட்ட அதுதான். வித்தியாசம் என்னவென்றால், இங்கே இடம் பறிபோனால் போலீஸிடம் சிக்கும் ஆபத்தும் கூடவே வரும்.

ஒரு பார் போனால் என்ன, வேறு பார் இல்லையா?

இந்தக் கேள்வி நியாயமானதாகத் தோன்றும். அமெரிக்கக் குடியேற்றச் சட்டத்தைக் கொஞ்சம் பார்த்தால் ஏன் அப்படி இல்லை என்பது புரியும்.

சொந்த நாட்டில் துன்புறுத்தப்பட்டவர் அமெரிக்காவில் தஞ்சம் கேட்கலாம். ஆனால் 1996-ல் வந்த சட்டப்படி, நாட்டுக்குள் நுழைந்த ஒரு வருடத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். விதிவிலக்குகள் உண்டு, ஆனால் அவற்றை நிரூபிக்க வக்கீல் வேண்டும். மொழி தெரியாமல், ஒளிந்து வாழ்கிற ஒரு திருநங்கைக்கு ‘தஞ்சம் கேட்க எனக்கு உரிமை இருக்கிறது’ என்பது தெரியவரும்போதே அந்த ஒரு வருடம் முடிந்திருக்கும்.

நீதிமன்றங்களுக்கே இவர்களை எந்தப் பெயரில் அழைப்பது என்று நீண்ட காலம் தெரியவில்லை. மெக்ஸிகோவைச் சேர்ந்த ஒருவரின் வழக்கில் 2000-ல் ஒன்பதாவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் தஞ்சம் பெறும் தகுதியை ஏற்றது. நல்ல தீர்ப்பு. ஆனால் தீர்ப்பில் அவரைக் குறிக்க எழுதிய சொல், ‘பெண் பாலியல் அடையாளம் கொண்ட தன்பாலின ஆண்கள்’. ஒருவர் எந்தப் பாலினம் என்பதும், அவருக்கு யார்மேல் ஈர்ப்பு என்பதும் வேறு வேறு என்று அதே நீதிமன்றம் தெளிவாகச் சொல்ல 2015 வரை ஆனது.

பிடிபட்டால்? 2007-ல் லாஸ் ஏஞ்சலிஸ் துறைமுகப் பகுதியான சான் பெட்ரோவில் இருந்த குடியேற்றத் தடுப்பு மையத்தில் 23 வயது மெக்ஸிகோ திருநங்கை ஒருவர் அடைக்கப்பட்டார். அவருக்கு எய்ட்ஸ் பாதிப்பு இருந்தது. ஆண்கள் பிரிவில்தான் வைத்தார்கள். தேவையான மருந்து கிடைக்கவில்லை. உடன் இருந்த கைதிகள்தான் ஈரத்துணி வைத்து அவரைப் பார்த்துக்கொண்டார்கள், சிகிச்சை கேட்டுப் போராடினார்கள். அவர் இறந்துபோனார். சில்வர் பிளாட்டரில் செவ்வாய்க்கிழமை பார்ட்டி தொடங்கியது அதற்கு அடுத்த வருடம்.

அதனால்தான், பார்ட்டி நடத்தியவர்கள் பாருக்குப் பக்கத்திலேயே ‘இம்ப்ரென்டா’ என்ற பெயரில் ஒரு இலவசச் சட்ட உதவி மையத்தையும் நடத்தினார்கள். தன்னார்வலர்களை வைத்து ஓட்டிய சின்ன இடம். அது நீண்ட நாள் தாக்குப்பிடிக்கவில்லை. ஆனால் அந்த முயற்சி ஒன்றைக் காட்டுகிறது. ஒருவருக்கு மேடை கொடுப்பதும், அவருடைய விண்ணப்பத்தை நிரப்பிக் கொடுப்பதும் ஒன்றில்லை என்பது வூ சாங்குக்குச் சீக்கிரமே தெரிந்துவிட்டது.

சரி, பார் ஏன் பேசுகிறது?

இப்போது படத்துக்கு வருவோம். வூ சாங்கிடம் நிறைய காட்சிகள் இருந்தன. பார்ட்டி, வெள்ளிக்கிழமை ஆட்டம், திருநங்கைகளின் பேட்டிகள். கதையை யார் சொல்வது?

தானே சொன்னால், ‘ஏழைத் திருநங்கைகளைச் சந்தித்து ஞானம் பெற்ற இளம் கலைஞர்’ கதையாகிவிடும். அந்த மாதிரிப் படங்களை நாம் போதுமான அளவு பார்த்துவிட்டோம். பாருக்கு வரும் ஒருவரை எல்லோருக்கும் பிரதிநிதியாக்கிப் பேசவைத்தால், அது அவர்மேல் சுமத்தும் பாரம். மேலிருந்து ஒலிக்கும் ஆங்கிலக் குரல் என்றால் டிவி செய்தித் தொகுப்பு.

ஆகவே, பாரையே பேசவைத்தார். குரல் கொடுத்தவர் மரியானா மரோகின். குவாதமாலாவில் பிறந்த திருநங்கை, நடிகை, செயற்பாட்டாளர். பார் ஒரு வயதான தாய் மாதிரி பேசுகிறது. வருகிறவர்களையெல்லாம் தன் பிள்ளைகளாகப் பார்க்கிறது. வூ சாங்கையும் அந்தப் பிள்ளைகளில் ஒருவராகத்தான் பார்க்கிறது: ஆசையோடு வந்த, கொஞ்சம் அவசரக்கார, தான் என்ன செய்கிறோம் என்பது முழுசாகப் புரியாத பிள்ளை. இயக்குநர் தன்னையும் ஒரு பாத்திரமாக்கி, தன் தடுமாற்றங்களைத் திரையில் வைத்துவிட்டார்.

இந்த உத்தியில் ஒரு நைசான தப்பித்தல் இருப்பதாகவும் எனக்குத் தோன்றுகிறது. பார் சொல்லும் வசனத்தை எழுதியது யார்? வூ சாங்கும், கூட்டாகத் திரைக்கதை எழுதிய ரோயா ரஸ்தேகரும்தான். ஆக, பார் வூ சாங்கை மன்னித்தால், அது ஒருவகையில் வூ சாங் வூ சாங்கை மன்னிப்பது. இதைத் தெரிந்துகொண்டு பார்த்தாலும் படம் நம்மை இழுத்துக்கொள்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். பெரும்பாலான ஆவணப்படங்கள் இந்தக் கேள்வி எழுகிற இடத்துக்கே வருவதில்லை.

நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தின் ஆவணப்பட விழாவில் 2012-ல் படம் வெளியானது. அதே வருடம் லாஸ் ஏஞ்சலிஸின் அவுட்ஃபெஸ்ட் குயர் திரைப்பட விழாவில் சிறந்த ஆவணப்படத்துக்கான நடுவர் விருதும் கிடைத்தது.

இந்தக் கவலை எங்கிருந்து வந்தது?

குயர் சினிமா வரலாற்றில் ஒரு பழைய காயம் இருக்கிறது. 1990-ல் வந்த ‘பாரிஸ் இஸ் பர்னிங்’ ஆவணப்படம். நியூயார்க்கில் கறுப்பின, லத்தீன் திருநங்கைகளும் தன்பாலின ஆண்களும் நடத்திய ‘பால்’ என்ற அலங்கார நடனப் போட்டிகளைப் பற்றியது. வீட்டைவிட்டுத் துரத்தப்பட்டவர்கள் தங்களுக்குள் ‘ஹவுஸ்’ என்று குடும்பம் அமைத்துக்கொண்டு, தாய், பிள்ளை உறவு வைத்துக்கொண்டதைக் காட்டியது. இன்றைக்கு இன்ஸ்டாகிராமில் நீங்கள் பார்க்கும் ‘வோகிங்’ நடன அசைவுகளை உலகத்துக்குப் பரப்பியதில் இந்தப் படத்துக்குப் பெரிய பங்கு உண்டு.

படத்தை எடுத்தவர் ஜென்னி லிவிங்ஸ்டன். குயர் சமூகத்தைச் சேர்ந்தவர்தான். ஆனால் வெள்ளையர், யேல் பல்கலைக்கழகத்தில் படித்தவர். படம் சன்டான்ஸ் விழாவில் பெரிய பரிசை வென்றது, திரையரங்குகளில் சுமார் 38 லட்சம் டாலர் வசூலித்தது. படத்தில் வந்தவர்களோ அதே வறுமையில் இருந்தார்கள். சிலர் வழக்குப் போடப்போவதாகச் சொன்னார்கள். கடைசியில் 13 பேருக்கு, திரையில் வந்த நேரத்தைக் கணக்கிட்டு, மொத்தம் 55,000 டாலர் அளவுக்குப் பங்கிட்டுத் தரப்பட்டது. படத்தில் வந்த வீனஸ் எக்ஸ்ட்ராவகன்ஸா என்ற இளம் திருநங்கை, படப்பிடிப்பு முடிவதற்குள்ளேயே, 1988-ல் கொலை செய்யப்பட்டிருந்தார்.

கறுப்பினப் பெண்ணியச் சிந்தனையாளர் பெல் ஹூக்ஸ் இந்தப் படத்தைக் கடுமையாக விமர்சித்தார். கேமராவுக்குப் பின்னால் இருக்கும் வெள்ளைப் பார்வை படத்தில் எங்குமே கேள்விக்கு உள்ளாகவில்லை என்பது அவர் வாதத்தின் மையம். இந்த விவாதம் இன்னும் முடியவில்லை. படம் இல்லாவிட்டால் அந்த மனிதர்களின் முகமும் பேச்சும் நமக்குக் கிடைத்திருக்காது என்பதும் உண்மை, அந்த முகத்தை வைத்து வேறு யாரோ வளர்ந்தார்கள் என்பதும் உண்மை.

வூ சாங் இந்த விவாதத்துக்குள் கட்டுரை எழுதிக்கொண்டு போகவில்லை. வேறொரு வேலை செய்தார்.

டப்பிங்கைத் தலைகீழாகத் திருப்பினால்

டப்பிங் நமக்குப் பழகிய விஷயம். முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது. நாயகி மும்பைக்காரர், குரல் சென்னைக்காரருடையது. பார்க்கிற நமக்கு இரண்டும் ஒருவரே.

வூ சாங் ‘முழு உடல் மேற்கோள்’ என்று பெயர் வைத்த உத்தி இதற்கு நேரெதிர். நடிகரின் காதில் ஒரு இயர்போன். அதில் வேறொருவரின் பழைய பேட்டி ஓடுகிறது. நடிகர் அதைக் கேட்டுக்கொண்டே, கேட்ட மாத்திரத்தில் திருப்பிச் சொல்ல வேண்டும். வார்த்தை மட்டும் போதாது. இழுவை, திக்கல், சிரிப்பு, மூச்சு வாங்குவது எல்லாம் அப்படியே வர வேண்டும். மனப்பாடம் செய்ய நேரமே இல்லை என்பதால் நடிப்பதற்கும் இடமில்லை. இன்னொருவரின் பேச்சு உங்கள் உடம்புக்குள் புகுந்து வெளியே வருகிறது.

2008-ல் இதை முதலில் தன்மேலேயே செய்து பார்த்தார். ‘தி ஷேப் ஆஃப் எ ரைட் ஸ்டேட்மென்ட்’ என்ற குறும்படம். ஆட்டிசம் உரிமைச் செயற்பாட்டாளர் மெல் பேக்ஸ் 2007-ல் யூடியூபில் போட்ட ‘இன் மை லாங்குவேஜ்’ வீடியோவில், கணினிக் குரல் வழியாகத் தன் தரப்பைச் சொல்லியிருந்தார். வாய்விட்டுப் பேசாதவர்களுக்குச் சிந்தனையே இல்லை என்று முடிவுகட்டுவது ஏன் என்பது அவர் எழுப்பிய கேள்வி. வூ சாங் சில்வர் பிளாட்டரின் பளபளக்கும் வெள்ளித் திரைக்கு முன்னால் நின்று, கேமராவை நேராகப் பார்த்து, அந்தக் கணினிக் குரலின் தட்டையான தொனியிலேயே அந்தப் பேச்சைப் பேசுகிறார். கண் இமைப்பதே அரிது. சிறிது நேரத்தில் கண்ணில் நீர் கோக்கிறது. அது உணர்ச்சியா, இமைக்காததால் வந்ததா? படம் சொல்வதில்லை.

பிறகு 2012-ல் ‘ஃபார் ஹவ் வி பர்சீவ்ட் எ லைஃப்’ என்ற படைப்பில், ‘பாரிஸ் இஸ் பர்னிங்’ பேட்டிகளையே எடுத்துக்கொண்டு, 16 எம்எம் ஃபிலிமில், நடிகர்களை வைத்து இதைச் செய்தார். யாருடைய வார்த்தை யார் வாயில் வருகிறது என்று பார்க்கிறவருக்குப் பிடிபடாது. அந்தப் பழைய பேட்டிகளில் மறைந்திருந்த ஒன்று இதில் தெரிந்துவிடுகிறது. கேள்வி கேட்டவர் ஒருவர் அங்கே இருந்திருக்கிறார், அவருக்குப் பிடித்த மாதிரி பதில் சொல்லப் பேசுபவர் முயன்றிருக்கிறார். பேட்டி கொடுப்பதும் ஒரு நடிப்புதான் என்பது அப்போதுதான் உறைக்கிறது.

இதனால் அந்தப் பேட்டியாளர்களுக்கு ஒரு டாலர்கூடக் கிடைக்கவில்லையே என்று கேட்டால், சரியான கேள்விதான். நியாயம் கிடைக்க வேண்டியது வேறு இடத்தில். ஒரு கலைப்படைப்பு அதைத் தந்துவிட முடியாது, தந்துவிட்டதாகக் காட்டிக்கொண்டால்தான் ஆபத்து.

அதற்குப் பிறகு

பட்ஜெட் பெரிதானது, இடங்கள் மாறின. 2016-ல் ‘டுவிலியன்’. சீனாவில் 1907-ல் தலை வெட்டப்பட்ட புரட்சியாளரும் கவிஞருமான சியூ ஜின் பற்றியது. ஆண் உடையில் திரிந்தவர், வாள் பழகியவர், கணவரை விட்டுவிட்டு ஜப்பான் போய்ப் படித்தவர். சீனாவின் பள்ளிப் பாடப்புத்தகத்துக்கு அவர் தேசத் தியாகி. அவர் உடலை எடுத்து அடக்கம் செய்த தோழி வூ ஜியிங்கோடு அவருக்கிருந்த நெருக்கத்தைத்தான் வூ சாங் கதையாக்கினார். சியூ ஜின்னாக நடித்தவர் ‘பாய்சைல்டு’ என்ற மேடைப்பெயரில் அறியப்பட்ட டோஷ் பாஸ்கோ. தோழியாக வூ சாங்கே நடித்தார். இருவரும் சேர்ந்து அதே வருடம் ‘மூவ்டு பை தி மோஷன்’ என்ற நிகழ்த்துகலைக் குழுவையும் தொடங்கினார்கள்.

2018-ல் மெக்ஆர்தர் நல்கை கிடைத்தது. ஐந்து வருடங்களில் 6,25,000 டாலர், என்ன செய்தோம் என்று கணக்குக் காட்டத் தேவையில்லை. பூங்காவின் பெயரும் மெக்ஆர்தர், நல்கையின் பெயரும் மெக்ஆர்தர். ஆனால் பூங்கா ராணுவத் தளபதியின் பெயரில், நல்கை காப்பீட்டுத் தொழிலதிபரின் பெயரில். இரண்டுக்கும் சம்பந்தம் இல்லை.

2022-ல் ‘மோபி டிக்’. ஹெர்மன் மெல்வில் 1851-ல் எழுதிய திமிங்கல வேட்டை நாவலை மௌனப் படமாக்கி, சூரிச் நகரில் மேடையில் ஆர்கெஸ்ட்ரா நேரடியாக வாசிக்கத் திரையிட்டார். கடல் முழுக்க வீடியோ கேம் மென்பொருளில் உருவாக்கியது. கதைசொல்லி இஷ்மாயிலும், தெற்குத் தீவுக்காரர் குவீக்வெக்கும் ஒரே கட்டிலில் படுத்து நட்பாவது நாவலிலேயே இருக்கிறது. பள்ளிப் பதிப்புகள் வேகமாகத் தாண்டிப்போகும் அந்த இடத்தில் வூ சாங் நிதானமாக நிற்கிறார்.

இவற்றையெல்லாம்விட, சில்வர் பிளாட்டருக்கு நெருக்கமாக எனக்குத் தெரிவது 2019-ல் ஷார்ஜா கலைத் திருவிழாவில் வைத்த ‘ஒன் எமர்ஜிங் ஃப்ரம் எ பாயின்ட் ஆஃப் வியூ’. களம், கிரேக்கத்தின் லெஸ்போஸ் தீவு. சிரியா உள்ளிட்ட நாடுகளிலிருந்து துருக்கி வழியாகப் படகில் லட்சக்கணக்கானவர்கள் வந்திறங்கிய கரை. அகதிகள் என்றதும் நமக்குத் தெரிவது ஆரஞ்சு நிற லைஃப் ஜாக்கெட், கவிழ்ந்த படகு, அழும் குழந்தை. அந்தப் படங்களை எடுத்த புகைப்படச் செய்தியாளர்களின் பார்வை ஒரு பக்கம். மொராக்கோவிலிருந்து தப்பி வந்த ஒரு இளம் திருநங்கையின் பயணம் இன்னொரு பக்கம்.

இரண்டு புரொஜெக்டர்கள், இரண்டு வீடியோக்கள், ஒரே சுவர். விளிம்புகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி, நடுவில் மூன்றாவதாக ஒரு பிம்பம் உருவாகிறது. எந்தப் பக்கத்தைப் பார்ப்பது என்று படம் உங்களுக்குச் சொல்லாது. இடது பக்கம் தலையைத் திருப்பினால், வலது பக்கம் நடப்பது உங்கள் கண்ணில் படாமல் ஓடிக்கொண்டிருக்கும்.